தீக்குச்சி அணைந்ததும் நல்ல சாமான் என்றேன்

மாத்தளைப் பக்கம் பலாபத்வலையில் நான் வேலை செய்த கராஜுக்குப் புதிதாக ஒரு மெஷின் வந்திருக்கிறது. வாகனச் சாமான் கழுவுகிற மெஷின். மூடி போட்டது. உள்ளே சுடுதண்ணீரும் சவக்காரமும் சுற்றி அடிக்கும். முதலாளியின் மகள் தேவகி இப்போது கராஜைப் பார்க்கிறார். போன மாதம் ஆள் அனுப்பி என்னைக் கூப்பிட்டார்.

“மாமா, இதுக்கு என்ன ஊத்தணும், என்ன ஊத்தக் கூடாதுன்னு ஒரு தாள்ல எழுதித் தாங்க. செவுத்துல ஒட்டணும்.”

“மெஷின்காரன் புத்தகம் தரலையா?”

“தந்தாங்க. யாரும் வாசிக்கிறதில்ல. நீங்க எழுதினா வாசிப்பாங்க.”

“நான் அஞ்சாம் வகுப்பு, தேவகி.”

“அதனாலதான் வாசிப்பாங்க.”

நாலு வரி எழுதிக் கொடுத்தேன். ஒட்டிவிட்டார்கள். அந்த நாலு வரி எங்கிருந்து வந்தது என்பதையும் எழுதச் சொல்லிப் பிறகு கேட்டார். இது அது.

நான் எல்கடுவைப் பக்கத் தேயிலைத் தோட்டத்தில் பிறந்தவன். பதினேழு வயதில் கராஜுக்கு வந்தேன். முப்பத்தெட்டு வருடம் இருந்தேன். முதல் சில வருடம் சொல்ல ஒன்றுமில்லை. கழுவினேன், துடைத்தேன், கேட்ட ஸ்பெனரை எடுத்துக் கொடுத்தேன்.

அப்போது கழுவுவது பெட்ரோலில். தகரத் தட்டில் ஊற்றி பிரஷ்ஷால் தேய்ப்போம். கிரீஸ் உடனே விடும். ஒரு நாள் லொறிக்கு அடியில் வெளிச்சத்துக்குப் பிடித்திருந்த பல்பு நழுவித் தட்டில் விழுந்து உடைந்தது. பற்றிக்கொண்டது. என் இடது கை, முழங்கை வரைக்கும். மாத்தளை ஆஸ்பத்திரியில் ஐந்து வாரம். அந்தக் கையில் இன்றும் முடி முளைப்பதில்லை. மற்றபடி கை நல்ல கை.

அதற்குப் பிறகுதான் ஜுனைத் நானா சோதனையைக் கொண்டுவந்தார். அவர் எங்கள் போர்மன். உக்குவெலையில் இருந்து சைக்கிளில் வருவார். சட்டைப் பொத்தான் கழுத்து வரை போட்டிருப்பார். காதில் பென்சில். குடி, சிகரெட், வெற்றிலை ஒன்றும் கிடையாது. சோடா கொடுத்தால்கூட வேண்டாம் என்பார். ஏதாவது முக்கியமாகச் சொல்லப் போகிறார் என்றால் முதலில் குழாயடிக்குப் போய்க் கை கழுவுவார். சவக்காரம் போட்டு, விரல் இடுக்கு, நகம், மணிக்கட்டு என்று முறையாகக் கழுவுவார். துடைத்துக்கொண்டு வந்து ஒரு தரம் சொல்வார். இரண்டாம் தரம் சொல்ல மாட்டார். அவர் குழாய்ப் பக்கம் நடந்தாலே சுத்தியல் சத்தம் நிற்கும்.

சோதனை இப்படி. கராஜுக்குப் பின்னால் வெளியில், காற்றுக்கு முதுகைக் காட்டி நிற்க வேண்டும். பக்கத்தில் ஒரு வாளி மணல். தகர மூடியில் ஒரு தேக்கரண்டி திரவம். நீட்டுக் கம்பியின் நுனியில் தீக்குச்சி. பெட்ரோல் என்றால் குச்சி கிட்டப் போகும் முன்பே பக்கென்று பிடிக்கும். மண்ணெண்ணெய் கொஞ்சம் யோசித்துத்தான் பிடிக்கும். எது வந்தாலும் இந்தச் சோதனை முடிந்துதான் உள்ளே போகும். பிறகு அது வந்த பெரலில், அந்தத் தகரப் பீப்பாயில், சோக்கால் அதன் பெயரை எழுதுவார். கை வெந்தவன் என்பதால் கம்பியை என்னிடமே கொடுத்தார்.

“நெருப்புக்குப் பயந்தவன்தான் நெருப்பைப் பாக்கணும்,” என்றார்.

பல வருடம் மண்ணெண்ணெயில் ஓடியது. அது மெதுவான சாமான். தோல் வறண்டு வெடிக்கும். வீட்டுக்குப் போய்த் தேங்காய் எண்ணெய் பூசிக்கொள்வோம். ஆனால் பயமில்லை.

பிறகு சீகிரியாவுக்கு வெள்ளைக்காரரை ஏற்றும் வேன்கள் கூடின. வேன்காரர்கள் காலையில் விட்டுவிட்டு மாலையில் கேட்டார்கள். முதலாளி கழுவுவதற்கென்று ஒரு அறை கட்டினார். பெரிய ரோட்டுத் தூசி பெயரிங் குண்டுகளில் ஏறக் கூடாது என்று நாலு பக்கமும் சுவர், ஒரு கதவு, ஒரு சின்ன ஜன்னல், அதையும் சாத்தி வைப்போம். உள்ளே இடுப்பளவு தொட்டி. அங்கே முழுநேரமும் கழுவுகிறவன் சூசை. நான் அரை நாள் அவனோடு நிற்பேன். மீதி அரை நாள் கியர் பொக்ஸ் வேலை.

சூசை என் வயது. அலுவிகாரையில் வீடு. ஒரு காலத்தில் நன்றாகக் குடித்தவன். தபசு காலம் ஒன்றில் மாதா கோயிலில் முழங்காலில் நின்று விட்டுவிட்டான். ஆறு வருடம் ஒரு சொட்டுத் தொடவில்லை. ஆனால் அவன் மனைவி ரீட்டா ஆறு வருடமும் மாலையில் வாசலில் நின்று, “ஊது,” என்பாள். அவன் ஊதுவான். மோந்து பார்த்து, “சரி, வா,” என்பாள். அதற்குப் பிறகுதான் பிளேன்டீ.

“நம்பிக்கை இல்லையாடா அவளுக்கு?” என்று ஒரு தரம் கேட்டேன்.

“இருக்கு. பழகிப்போச்சு. மோந்து பாக்காட்டி அவளுக்கு ராத்திரி தூக்கம் வராது,” என்றான்.

அந்தச் சமயத்தில்தான் டவுனில் ஒரு கடைக்காரர் புதுச் சாமான் ஒன்றை அனுப்பினார். நீலப் பெரல். லேபல் இல்லை. பெரிய பெரலில் இருந்து ஊற்றிக் கொடுத்தது. ஜுனைத் நானா அதைச் சுற்றி ஒரு தரம் நடந்தார்.

“பேர் என்னா?”

“தெரியல நானா. தீப்பிடிக்காதுன்னு சொல்லிவிட்டாங்க.”

“பாரு.”

பின்னால் போய்ப் பார்த்தேன். குச்சி திரவத்தில் விழுந்ததும் தண்ணீரில் விழுந்த மாதிரி அணைந்தது. இன்னொன்று போட்டேன். அதுவும் அணைந்தது. மூன்றாவது குச்சி அணைகிறபோது வந்த புகை மூக்கில் ஊசி மாதிரிக் குத்தியது. கண் எரிந்தது. அது ஒரு சேதி. எனக்கு அன்று விளங்கவில்லை. நெருப்பில்லை என்பதுதான் கண்ணில் நின்றது.

உள்ளே வந்து, “நல்ல சாமான் நானா,” என்றேன்.

அவர் சோக்கை எடுத்தார். பெயர் எழுதுகிற இடத்தில் ‘தீப்பிடிக்காது’ என்று எழுதினார். பெயரில்லாத பெரல் அதற்கு முன் அந்தக் கராஜுக்குள் போனதில்லை. என் சொல்லை நம்பிப் போனது.

நல்ல சாமான்தான். கிரீஸ் பார்த்துக்கொண்டிருக்கும்போதே கரையும். எடுத்து வைத்தால் தானாகக் காயும். வாசமும் நாறல் இல்லை, லேசான இனிப்பு. எல்லோருக்கும் சந்தோஷம். சூசை தொட்டிக்குள் குனிந்து அடியில் கிடக்கும் வால்வுகளைக் கையாலேயே பொறுக்குவான்.

ஒரு மாதத்தில் எனக்குப் பகல் சாப்பாட்டுக்குப் பிறகு தூக்கம் தள்ளியது. தலை கனத்தது. வயசு என்று நினைத்தேன். நான் சனிக்கிழமை மட்டும் தவறணையில் ஒரு கிளாஸ் சாராயம் குடிக்கிறவன். ஒரு சனிக்கிழமை பாதிக் கிளாஸில் முகம் எரிந்தது. பக்கத்து வாங்கில் இருந்தவன் சிரித்தான்.

“பெருமாளு, பொண்ணு பாக்கவா போற? ரோஸ் பவுடர் பூசியிருக்க.”

கண்ணாடியில் பார்த்தேன். கன்னத்திலும் கழுத்திலும் திட்டுத் திட்டாகச் சிவப்பு. அடுத்த சனிக்கிழமையும் அப்படியே. பிரஷராக இருக்கும் என்று விட்டுவிட்டேன். ஒருவரிடமும் சொல்லவில்லை. மூன்று மாதம் சொல்லவில்லை.

பிறகு அந்த வியாழக்கிழமை. பகல் முழுவதும் மழை. சாரல் அடிக்கிறது என்று கதவையும் சாத்தியிருந்தோம். நான் கியர் பொக்ஸில் நின்றேன். மூன்று மணிக்கு சூசை சுவரைப் பிடித்துக்கொண்டு வெளியே வந்தான். கையில் ஒரு பல்சக்கரம். தானாகச் சிரித்தான். பல்சக்கரம் நழுவி முதலாளியின் காலுக்கு ஒரு சாண் தள்ளி விழுந்தது.

முதலாளி அவனை மேலும் கீழும் பார்த்தார்.

“சூசை, ஊது.”

ஊதினான். முதலாளி முகத்தைச் சுளித்தார்.

“என்னமோ இனிப்பா மணக்குதே. இது என்ன புதுசா?”

“ஐயா, மாதா மேல சத்தியமா நான் தொடல.” சொல் குழறியது.

“நிக்க முடியல ஒனக்கு. சத்தியம் வேறயா?”

“மழைக்கு... உள்ளுக்கு... தலை சுத்துதுங்க ஐயா.”

“ஆறு வருஷம் இருந்தியேடா. சரி. சாவியக் குடுத்துட்டுப் போ.”

எங்கள் கராஜில் ஆளுக்கு ஒரு ஸ்பெனர் பெட்டி. அதன் சாவியை இடுப்பில் நூலில் கட்டியிருப்போம். வேலையை விட்டு நிறுத்தினால் அந்தச் சாவியை முதலாளி மேசையில் வைத்துவிட்டுப் போக வேண்டும். குடித்துவிட்டு வேலை செய்தால் பேச்சே கிடையாது, சாவிதான். அது எல்லோருக்கும் தெரிந்த சட்டம்.

சூசை முடிச்சை அவிழ்க்கப் பார்த்தான். விரல் சொன்னபடி கேட்கவில்லை. இரண்டு மூன்று தரம் பார்த்தான். எல்லோரும் பார்த்துக்கொண்டு நின்றோம். நான் போய் அவிழ்த்து மேசையில் வைத்தேன். அந்த வேலையை நான்தான் செய்தேன்.

ஜுனைத் நானா அன்று கண்டிக்கு சாமான் எடுக்கப் போயிருந்தார்.

சூசையை த்ரீவீலில் ஏற்றிக்கொண்டு அலுவிகாரைக்குப் போனேன். இரண்டு பக்கமும் காற்றும் சாரலும் அடித்தது. ரீட்டா வாசலில் நின்றாள். ஊதச் சொல்லவில்லை. கிட்ட வந்து மோந்தாள்.

“இது சாராயம் இல்ல,” என்றாள். “புதுசா எதையோ குடிச்சிருக்கான். அண்ணே, நீங்களும் சேந்தா?”

“இல்லம்மா. குடிக்கல அவன்.”

“வேல?”

அவளே அவன் இடுப்பைப் பார்த்தாள், சாவி இல்லை. அவள் அழவில்லை. உள்ளே போய் அரிசி களைந்தாள்.

சூசை முற்றத்துக் குழாய்க்குத் தனியாக நடந்து போனான். முகம் கழுவினான். நேராக நடந்து திரும்பி வந்தான். “தலைய மட்டும் வலிக்குது,” என்றான். சொல் தெளிவாக இருந்தது.

நிற்க முடியாமல் குடித்தவன் அரை மணியில் தெளிய மாட்டான். அது எனக்குத் தெரியும். பிறகு என் முகத்துச் சிவப்பு ஞாபகம் வந்தது. நீலப் பெரல் ஞாபகம் வந்தது.

மறுநாள் வெள்ளிக்கிழமை. காலையில் ஜுனைத் நானா சைக்கிளை நிறுத்துகிற இடத்தில் போய் நின்றேன். நடந்ததைச் சொன்னேன்.

“எனக்கும் சுத்துது நானா.”

“எவ்ளோ நாளா?”

“மூணு மாசம்.”

“மூணு மாசமா ஏன் செல்லல்ல?”

‘சொல்லு’ அவர் வாயில் ‘செல்லு’, ‘இருக்கு’ ‘ஈக்கு’. அவர் குழாயடிக்குப் போய்க் கை கழுவினார். வந்து, “சூசை குடிக்கல்ல,” என்றார். அவ்வளவுதான். பிறகு கந்தோருக்கு, முதலாளி உட்காரும் அறைக்குப் போய் அவரிடம், “இன்டைக்கு நான் கழுவுறேன். பத்து மணிக்கு வந்து பாருங்க,” என்றார்.

ஜும்மாவுக்குப் போகிற நாள். வெள்ளைச் சட்டை போட்டிருந்தார். அதன் மேல் பழைய ஓவரோலைப் போட்டுக்கொண்டு அறைக்குள் போனார். கதவில் என்னை நிறுத்தினார்.

“விழுந்தா இழு. வெளிய மூச்ச எடுத்துட்டு, உள்ளுக்கு எடுக்காம வா.”

எட்டு மணிக்குத் தொடங்கினார். சூசை குனிகிற மாதிரியே குனிந்து பொறுக்கினார். ஒன்பது மணிக்கு மேல் ஒரு சத்தம் கேட்டது. ஜுனைத் நானா ஏதோ ராகம் முனகிக்கொண்டிருந்தார். அவர் பாடி அந்தக் கராஜில் ஒருவரும் கேட்டதில்லை.

“நானா, போதும். வாங்க.”

“மொதலாளி வரட்டும்.”

முதலாளி வந்து நின்றார். ஜுனைத் நானா வெளியே வந்தார். கால் பின்னியது. பழக்கத்தில் நேராகக் குழாயடிக்குப் போனார். குழாயைப் பிடிக்கக் கையை நீட்டினார். கை குழாய்க்குப் பக்கத்தில் வெறும் காற்றைப் பிடித்தது. மறுபடி நீட்டினார். மறுபடி காற்று.

கை கழுவாமலே திரும்பினார். நான் பார்த்து அதுதான் முதல் தடவை.

“செல்லுங்க மொதலாளி. நான் குடிச்சிட்டா ஈக்கேன்?”

முதலாளி கந்தோருக்குள் போய் மேசையில் கிடந்த சாவியை எடுத்துக்கொண்டு காரில் ஏறினார். அலுவிகாரையில் நடந்ததை சூசைதான் சொன்னான். உட்காரச் சொன்ன கதிரையில் சாவியை வைத்தாராம். மன்னிப்பு என்ற சொல் வரவில்லை. ரீட்டா கையால் இரண்டு கோப்பை பிளேன்டீ கேட்டு வாங்கிக் குடித்தாராம். “நாளைக்கு வா, உள்ளுக்குப் போகாத,” என்று எழுந்து போனாராம்.

ஜுனைத் நானா பகல் வரை பலா மரத்தடியில் படுத்திருந்தார். இரண்டு தரம் வாந்தி. ஜும்மாவுக்குப் போக முடியவில்லை. அதை மட்டும் வருத்தமாகச் சொன்னார்.

மனிதனை வைத்து இப்படிச் சோதனை பார்க்கக் கூடாது. இதை நான் பெருமைக்கு எழுதவில்லை. மறுநாள் மூன்று பேரும் ஆஸ்பத்திரிக்குப் போனபோது டொக்டரம்மா அவரை நன்றாக ஏசினார்.

“செத்துப் போயிருப்பீங்க. என்ன திரவம் அது?”

“தீப்பிடிக்காத திரவம், டொக்டர்,” என்றேன்.

“அது பேரா?”

டொக்டரம்மா எங்கள் முகங்களைப் பார்த்துக்கொண்டே அடுத்ததைக் கேட்டார்.

“கொஞ்சம் சாராயம் குடிச்சாலே முகம் செவக்குதா, யாருக்காவது?”

நான் கையைத் தூக்கினேன். பள்ளிக்கூடத்திலும் நான் அப்படித் தூக்கியதில்லை.

அவர் லேபலைக் கொண்டுவரச் சொன்னார். ஜுனைத் நானாவும் நானும் கடைக்காரரிடம் போனோம். ஸ்டோரில் பெரிய பெரல் இருந்தது. அதில் பாதி கிழிந்த லேபல். மண்டையோடு இல்லை, ஆனால் மனித நெஞ்சில் நட்சத்திரம் வெடித்த மாதிரி ஒரு படம். ஜுனைத் நானா எழுத்தெழுத்தாகப் பார்த்து எழுதினார். ட்ரைகுளோரோஎத்திலீன். டொக்டரம்மா வாசித்ததும் பேனாவை வைத்துவிட்டார். மூச்சோடு போனால் மயக்கம், அதோடு சாராயம் சேர்ந்தால் முகம் சிவக்கும், வருடக்கணக்கில் போனால் ஈரல், சிறுநீரகம், புற்றுநோய் என்று சொன்னார். அதன் ஆவி காற்றைவிடக் கனமானது, அது கீழேதான் கிடக்கும் என்றும் சொன்னார். சூசை குனிந்து பொறுக்கிய தொட்டி ஞாபகம் வந்தது. தூசி வரக் கூடாது என்று கட்டிய அறை ஆவியை வெளியே விடவில்லை.

இரத்தம் எடுத்துப் பார்த்தார்கள். சூசையின் ஈரல் கொஞ்சம் கெட்டிருந்தது. மாதக்கணக்கில் கிளினிக் போனான். சரியாகிவிட்டது. எனக்கும் நானாவுக்கும் ஒன்றும் இல்லை.

பெரலை மூடி இறுக்கிக் கடைக்காரரிடமே திருப்பி அனுப்பினோம். கழிவுத் தண்ணீர் ஓடும் காணில் ஊற்றவில்லை. அறையின் சுவரை அலவாங்கால் இடித்து, தரையோடு தரையாக இரண்டு பக்கம் காற்று போக வழி வைத்தோம். ஜுனைத் நானா கை கழுவிவிட்டு வந்து எல்லோருக்கும் ஒரு தரம் சொன்னார்.

“நெருப்பு மட்டுந்தான் எதிரின்னு நெனச்சிட்டோம். இனி பேர் தெரியாத ஒண்டும் உள்ளுக்கு வராது.”

பிறகு என் பக்கம் திரும்பி, “தலை சுத்தினா அண்டைக்கே செல்லணும்,” என்றார். என்னைக் குறை சொன்னது அவ்வளவுதான். அது போதும்.

அதற்குப் பிறகு கொஞ்சக் காலம் மறுபடி மண்ணெண்ணெய். பிறகு சோடாக்காரத் தண்ணீர் பார்த்தோம். இரும்புக்கு நன்றாக இருந்தது. ஒரு அலுமினியக் காபரேட்டரைப் போட்டேன், கறுத்து அரித்துப்போனது. கடைசியில் காரம் குறைந்த சவக்காரத் திரவத்தைச் சுடுதண்ணீரில் கலந்து கழுவினோம். கொஞ்சம் மெதுவு. கழுவியதும் காற்றடித்துக் காயவைத்து எண்ணெய் தடவாவிட்டால் துருப்பிடிக்கும். வேன்காரர்கள் முணுமுணுத்தார்கள். ஒரு மணி நேரம் காத்திருக்கப் பழகினார்கள்.

ஜுனைத் நானா மௌத்தாகி, அடக்கம் செய்து நாலு வருடம். நான் ஓய்வாகி மூன்று. சூசை வீட்டில் மிளகுக்கொடி வைத்திருக்கிறான். நன்றாக இருக்கிறான். நானும் நன்றாக இருக்கிறேன்.

சுவரில் ஒட்டிய தாளில் இருப்பது இவ்வளவுதான். பெயரும் பாதுகாப்புத் தாளும் இல்லாத திரவத்தை உள்ளே எடுக்காதே. தீப்பிடிக்குமா என்று மட்டும் பார்க்காதே, மூச்சுக்கும் தோலுக்கும் என்ன செய்யும் என்று அந்தத் தாளில் பார். தண்ணீரும் சவக்காரமும் போதும் என்றால் வேறு எதையும் தேடாதே. தலை சுற்றினால் அன்றைக்கே சொல்.

மெஷினை ஓட்டித் தொடங்கிய அன்று தேவகி சூசையையும் கூப்பிட்டிருந்தார். முதலாளியும் கைத்தடியோடு வந்து கதிரையில் இருந்தார். முதல் சாமானைப் போடச் சொல்லி சூசையிடம்தான் கொடுத்தார்கள். ஒரு பெயரிங். போட்டு மூடினான். பதினைந்து நிமிடம் கழித்து மூடியைத் திறந்து எடுத்தான். பளபளவென்று இருந்தது. சும்மா இருக்காமல் மூக்குக்குக் கிட்டக் கொண்டுபோய் மோந்து பார்த்தான். வெறும் சவக்கார வாசம்.

“நீயும் ரீட்டாவா ஆயிட்டியா?” என்றேன்.

“வீட்டுப் பழக்கம்,” என்றான்.

நாலைந்து நாள் கழித்து அலுவிகாரைச் சந்தியில் அவனைக் கண்டேன்.

“அன்னைக்கு வீட்டுக்குப் போனியே, ரீட்டா மோந்து பாத்தாளா?”

“பாத்தா.”

“என்ன சொன்னா?”

“யார் வீட்டு உடுப்பத் துவைச்சிட்டு வர்றன்னு கேட்டா.”